பாலம் வந்தபின் கப்பல்காரர்கள்

அரசாங்கம் ஓர் அணை கட்டுகிறது. அல்லது நெடுஞ்சாலை போடுகிறது, பாலம் கட்டுகிறது. நிலம் போனவருக்கு நஷ்டஈடு உண்டு. வீடு போனவருக்கும் உண்டு. (குறைவாகத் தருவார்கள், தாமதமாகத் தருவார்கள் என்பது தனிக் கதை.) ஆனால் அந்த நிலத்தில் கூலி வேலை பார்த்தவருக்கு? பாலம் வரும் இடத்தில் அதுவரை கப்பல் ஓட்டிக்கொண்டிருந்தவருக்கு? அவரிடமிருந்து யாரும் எதையும் எடுக்கவில்லை. அவர் பெயரில் பட்டாவும் இல்லை, பத்திரமும் இல்லை. இருந்தது ஒரு வேலை. பாலத்தின் திறப்பு விழாவுக்கு மறுநாள் அதுவும் இல்லை.

இந்தக் கேள்விக்குக் காகிதத்தில் பதில் எழுதப் பார்த்த நாடு ஜப்பான். முழுப் பதில் என்று சொல்ல முடியாது. எங்கே ஆரம்பித்து எங்கே போய் நின்றது என்பதுதான் சுவாரஸ்யம். கொஞ்சம் சட்டம் வரும், பொறுத்துக்கொள்ள வேண்டும். பின்னாலேயே கப்பலும் வரும்.

1947-ல் நடைமுறைக்கு வந்த ஜப்பானிய அரசியல் சட்டத்தில் 29-வது பிரிவு சொத்துரிமை பற்றியது. தனியார் சொத்தைப் பொதுக் காரியத்துக்கு எடுக்கலாம், ஆனால் நியாயமான இழப்பீடு தரவேண்டும் என்கிறது. இரண்டு பிரிவு முன்னால், 27-ல், எல்லாருக்கும் வேலை செய்யும் உரிமையும் கடமையும் உண்டு என்று இருக்கிறது. அங்கே இழப்பீடு என்ற பேச்சே கிடையாது. சொத்தை எடுத்தால் காசு. வேலையை எடுத்தால்? பதில் இல்லை. (நடுவில் இருக்கும் 28-வது பிரிவு தொழிற்சங்க உரிமை. இந்தக் கதையில் பிற்பாடு உதவிக்கு வரப்போவது அதுதான்.)

போருக்குப் பிறகு ஜப்பானில் அணை கட்டும் வேகம் அதிகம். மின்சாரம் வேண்டும், வெள்ளத்தைத் தடுக்க வேண்டும். 1953 ஜூனில் வடக்குக் கியூஷூவில் பெரிய வெள்ளம் வந்தது. அதன் பிறகு சிக்குகோ ஆற்றின் மேல்பகுதியில் மட்சுபாரா, ஷிமோஉகே என்று இரண்டு அணைகள் கட்டத் திட்டமிட்டார்கள். அங்கே மலைக்காடுகளுக்குச் சொந்தக்காரரான டொமோயுகி முரோஹாரா என்பவர் அதை எதிர்த்தார். சும்மா மனு போடும் எதிர்ப்பு அல்ல. அணை வரவேண்டிய மலைச்சரிவிலேயே மரத்தாலும் தகரத்தாலும் குடில் குடிலாகக் கட்டி, ஊராரோடு அதற்குள் உட்கார்ந்துகொண்டார். பத்திரிகைகள் அதற்கு வைத்த பெயர் 'தேன்கூட்டுக் கோட்டை'. 1960-ல் அதிகாரிகள் உள்ளே நுழைய முயன்றபோது ஆற்றிலேயே கைகலப்பு நடந்தது. 1964-ல் கோட்டையை இடித்தார்கள். முரோஹாரா 1970-ல் இறக்கும்வரை வழக்கு மேல் வழக்காகப் போட்டுக்கொண்டே இருந்தார். அணைகள் 1973-ல்தான் முடிந்தன. பொதுக் காரியம் என்றால் அது நியாயத்துக்கும் சட்டத்துக்கும் மனித உணர்வுக்கும் பொருந்த வேண்டும் என்பது அவர் வாதம்.

இதுபோன்ற தகராறுகள் பல இடங்களில் நடந்துகொண்டிருந்தன. ஓர் அணைக்கு ஒரு கணக்கு, இன்னோர் அணைக்கு வேறு கணக்கு. கடைசிவரை அடம்பிடித்தவருக்கு அதிகம், முதலில் கையெழுத்துப் போட்டவருக்குக் குறைவு. இதை ஒழுங்குபடுத்த 1962 ஜூன் 29-ந் தேதி மந்திரிசபை ஒரு பொது நெறிமுறையை ஏற்றுக்கொண்டது. பொதுப்பணிக்காக நிலம் எடுக்கும்போது எதற்கு, எப்படி இழப்பீடு கணக்கிடுவது என்று வரிசையாகச் சொல்லும் ஆவணம் அது.

அதில் தொழிலாளி எங்கே வருகிறான் என்று தேடினால் வேடிக்கையாக இருக்கும். முதலில் அவன் முதலாளியின் செலவுக் கணக்கில் வருகிறான். ஒரு கடையோ பட்டறையோ மூடப்பட்டால், ஆட்களை நிறுத்தும்போது தரவேண்டிய நோட்டீஸ் சம்பளம், வேலையில்லாமல் உட்கார வைக்கும் நாட்களுக்கான படி எல்லாம் உரிமையாளரின் நஷ்டத்தில் சேரும். அதாவது தொழிலாளியின் சம்பளம் இங்கே தொழிலாளிக்கு ஏற்பட்ட இழப்பு அல்ல, முதலாளிக்கு ஏற்பட்ட இழப்பு!

ஆனால் கடைசிப் பக்கங்களில் இரண்டு பிரிவுகள் இருக்கின்றன. ஒன்று 45-வது. ஊரில் பெரும்பாலோர் அணைக்காக இடம்பெயர்ந்து போய்விட, சில வீடுகள் மட்டும் மேட்டில் மிஞ்சி நிற்கின்றன. அவர்களுடைய நிலம் போகவில்லை. ஆனால் சுற்றிலும் ஆளே இல்லாத ஊரில் எப்படிப் பிழைப்பது? அவர்களுக்கும் இழப்பீடு தரலாம் என்கிறது இது. அடுத்தது 46-வது, வேலை இழந்தவர்களுக்கான பிரிவு. நிலம் எடுக்கப்படும்போது, அந்த நிலத்தின் உரிமையாளரிடம் வேலை பார்த்தவர்கள் வேலையை இழந்தால், வேறு வேலை கிடைக்க வழக்கமாக ஆகும் காலத்துக்கு, பழைய சம்பள அளவுக்குள், பொருத்தமான தொகையை அவர்களுக்கே நேரடியாகத் தரலாம்.

இது சாதாரண விஷயம் அல்ல. நிலம் இல்லாத ஆள், நிலம் எடுப்பு விதிகளுக்குள் தன் சொந்தப் பெயரில் நுழைகிறான். ஆனாலும் வாசகத்தைக் கொஞ்சம் உற்றுப் பார்க்க வேண்டும். நிலத்துக்காரருக்கு இழப்பீடு தரவேண்டும். வேலைக்காரருக்குத் தர'லாம்'. அதுவும் அவரே கேட்டால்தான். அதுவும் அவர் வேலை பார்த்த முதலாளியின் நிலம் எடுக்கப்பட்டிருந்தால்தான். வேலைக்காரனின் உரிமை, முதலாளியின் நிலத்தோடு கட்டிப்போட்ட கன்றுக்குட்டி மாதிரி.

இங்கேதான் கப்பல் வருகிறது.

ஜப்பானின் நான்கு பெரிய தீவுகளில் சிறியது ஷிகோகு. அதற்கும் பிரதான தீவான ஹொன்ஷூவுக்கும் நடுவில் இருப்பது செட்டோ உள்கடல். 1910-லிருந்து ஹொன்ஷூ கரையில் உள்ள உனோ துறைமுகத்துக்கும் ஷிகோகுவின் தகமாட்சுவுக்கும் இடையே ரயில்வே கப்பல் ஓடியது. தூரம் 18 கிலோமீட்டர்தான், சுமார் ஒரு மணி நேரப் பயணம். ரயிலிலிருந்து இறங்கிய ஜனங்கள் நல்ல இடம் பிடிக்கக் கப்பலை நோக்கி ஓடுவார்களாம். மேல்தளத்தில் சுடச்சுட விற்கும் உதோன் நூடுல்ஸ் ரொம்பப் பிரசித்தம். கடற்காற்றில் நின்றபடி அதைச் சாப்பிட்டால்தான் ஷிகோகுக்காரர்களுக்கு ஊர் வந்த மாதிரி இருக்குமாம்.

பாலம் வேண்டும் என்ற பேச்சு புதிது அல்ல. 1889-லேயே ககாவா மாகாண சபை உறுப்பினர் ஜின்னோஜோ ஓகுபோ ஒரு ரயில்பாதைத் திறப்பு விழாவில் இதைச் சொன்னார். ஆனால் அதை மக்கள் கோரிக்கையாக்கியது ஒரு விபத்து. 1955 மே 11 காலை, பனிமூட்டத்தில் தகமாட்சுவுக்கு அருகே ஷியுன் மாரு என்ற ரயில்வே கப்பல் இன்னொரு ரயில்வே கப்பலோடு மோதிச் சில நிமிடங்களில் மூழ்கியது. 168 பேர் இறந்தார்கள். அவர்களில் 100 பேர் பள்ளிச் சுற்றுலா போன குழந்தைகள். அதன்பிறகு பாலம் வேண்டாம் என்று சொல்ல யாருக்கு வாய் வரும்? கப்பலில் வேலை பார்த்தவர்களால்கூடச் சொல்ல முடியாது. இதை நினைவில் வைத்துக்கொண்டுதான் மீதிக் கதையைப் படிக்க வேண்டும். தேன்கூட்டுக் கோட்டைக்காரர்களைப் போல "கட்டாதே" என்று கடலோடிகள் உட்கார்ந்துகொள்ள முடியவில்லை. "கட்டு, ஆனால் எங்களை என்ன செய்யப்போகிறாய்?" என்றுதான் கேட்க முடிந்தது.

1970-ல் பாலங்களைக் கட்டத் தனியாக ஒரு பொது நிறுவனம் அமைத்தார்கள். ஒன்று அல்ல, மூன்று வழித்தடங்கள். 1973 நவம்பரில் வேலை ஆரம்பிக்க நாள் குறித்தாகிவிட்டது. எண்ணெய் நெருக்கடி வந்து, ஆரம்பத்துக்குச் சில நாட்கள் முன்னால் எல்லாவற்றையும் நிறுத்திவிட்டார்கள். கப்பல்காரர்களுக்கு அது கூடுதலாகக் கிடைத்த அவகாசம். 1975 முடிவில் முதல் பாலத்தின் வேலை துவங்கியது. மூன்றிலும் பிரபலமான நடு வழித்தடத்தின் செட்டோ பெரும்பாலம் 1978 அக்டோபரில் ஆரம்பமானது.

கப்பல் கம்பெனிகளும் அகில ஜப்பான் கடலோடிகள் சங்கமும் கேட்ட கேள்விக்கு 1962 நெறிமுறையில் பதில் இல்லை. ஏனென்றால் பாலம் கப்பல் கம்பெனியின் நிலத்தை எடுக்கவில்லை. துறைமுகத்தை எடுக்கவில்லை. கப்பலைக்கூடத் தொடவில்லை. கடல் யார் பெயரிலும் இல்லை. மீனவர்களுக்காவது கூட்டுறவுச் சங்கம் வழியாகச் சட்டப்படியான மீன்பிடி உரிமை இருந்தது. பாலத்தின் தூண் அங்கே ஊன்றினால் இழப்பீடு கேட்கலாம். கப்பலின் எஞ்சின் அறையில் வேலை பார்ப்பவருக்கு என்ன உரிமை? பாலம் செய்தது ஒன்றே ஒன்றுதான். பயணிகளைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டது. வியாபாரப் போட்டியில் தோற்றவருக்கு நஷ்டஈடு கிடையாது என்பதுதான் எல்லா நாட்டுச் சட்டத்தின் பொதுவான புத்தி. ஆனால் இங்கே போட்டியாளர் பக்கத்துக் கம்பெனி அல்ல, அரசாங்கம்!

கைக்கு எட்டும் தூரத்தில் வேறொரு முன்மாதிரி இருந்தது. அது கட்டுமானத்திலிருந்து வந்தது அல்ல, நிலக்கரியிலிருந்து வந்தது. நிலக்கரியை விட்டு எண்ணெய்க்கு மாறுவது என்று ஜப்பான் முடிவெடுத்தபோது சுரங்கங்கள் வரிசையாக மூடின. வேலை இழந்த சுரங்கத் தொழிலாளர்களுக்காக 1959-ல் தனிச் சட்டம் வந்தது. 1963-ல் அதைத் திருத்தி, வேலை தேடுவோருக்கு ஒரு கைப்புத்தகம் கொடுத்தார்கள். அட்டையின் நிறத்தை வைத்து ஜனங்கள் அதைக் 'கறுப்புப் புத்தகம்' என்றார்கள். அதைக் கையில் வைத்திருப்பவருக்கு மூன்று வருஷம் வரை வேலை தேடும் காலத்தில் உதவித்தொகை, தொழிற்பயிற்சி எல்லாம் உண்டு. சாதாரண வேலையின்மை இன்சூரன்ஸிலிருந்து இது வேறுபட்டது. "உன் வேலை தானாகப் போகவில்லை, நாட்டின் கொள்கையால் போனது" என்று அரசாங்கமே ஒப்புக்கொண்டதற்கு அத்தாட்சி மாதிரி அந்தப் புத்தகம்.

1981-ல் நாடாளுமன்றம் நிறைவேற்றிய சட்டம் இந்த இரண்டு வழிகளையும் சேர்த்து முடிந்தது எனலாம். ஹொன்ஷூ-ஷிகோகு இணைப்புப் பாலங்களின் கட்டுமானத்தை ஒட்டிப் பயணிகள் கப்பல் தொழிலுக்கான சிறப்பு நடவடிக்கைகள் என்று பெயரே ஒரு முழம் நீளம். அது வேலை செய்யும் விதம் இப்படி: பாலத்தால் பாதிக்கப்படும் கப்பல் வழித்தடங்கள் எவை என்று அரசு முன்கூட்டியே பார்க்கும். கம்பெனி எந்தத் தடத்தை மூடுவது, எதைச் சுருக்குவது என்று திட்டம் போட்டு ஒப்புதல் வாங்க வேண்டும். ஒப்புதல் பெற்றால் பாலம் கட்டும் நிறுவனமே கம்பெனிக்குப் பணம் கொடுக்கும். வேலை இழந்த ஆட்களுக்கு வேலை தேடும் கைப்புத்தகமும் உதவித்தொகையும் கிடைக்கும்.

இதில் கவனிக்க வேண்டியது, பணம் பாலத்தின் கணக்கிலிருந்து வருகிறது என்பது. கப்பல்காரரின் வேலையும் பாலத்தின் செலவுகளில் ஒன்று, இரும்பு சிமெண்ட் மாதிரி. எளிமையான யோசனைதான், ஆனால் அதைச் சட்டமாக எழுதிய நாடுகள் ரொம்பக் குறைவு. இன்னொன்று, பாலம் திறந்து வேலை போனபின் ஓடியாடித் தேடாமல் ஏழு வருஷம் முன்னாலேயே ஏற்பாடு செய்தது.

ஆனாலும் கடலோடிக்குக் கரையில் வேலை கிடைப்பது சுலபமா? ஜப்பானில் கடலோடிகளின் உலகமே தனி. அவர்களுக்குத் தனிச் சட்டம், தனி இன்சூரன்ஸ். அவர்களுக்கு வேலை தேடித் தருவதும் அந்நாளில் தொழிலாளர் அமைச்சகம் அல்ல, போக்குவரத்து அமைச்சகம். மாலுமி உரிமமும் எஞ்சின் உரிமமும் கப்பலில்தான் செல்லும், கரையில் அவை வெறும் காகிதம். வேறு கப்பலுக்குப் போகலாம் என்றால், அது அதைவிட மோசமான நேரம். 1985-க்குப் பிறகு யென்னின் மதிப்பு கிடுகிடுவென ஏறியதில், வெளிநாட்டுக் கடல்களில் ஓடிய ஜப்பானியக் கப்பல் கம்பெனிகள் தங்கள் சொந்த நாட்டு மாலுமிகளைக் கூட்டம் கூட்டமாகக் குறைத்துக்கொண்டிருந்தன. கைப்புத்தகம் உதவித்தொகை தரும், காலியிடத்தை உண்டாக்காது.

1988 ஏப்ரல் 10-ந் தேதி செட்டோ பெரும்பாலம் திறந்தது. மேலே கார், கீழே ரயில். செலவு சுமார் 1 லட்சத்து 13 ஆயிரம் கோடி யென். ஒன்பதரை வருஷ வேலையில் 17 தொழிலாளர்கள் உயிரிழந்தார்கள். முந்தின நாளோடு ரயில்வே கப்பல் நின்றது. இயோ மாரு, தோசா மாரு, ஆவா மாரு என்று ஷிகோகுவின் பழைய நாட்டுப் பெயர்களைத் தாங்கிய கப்பல்கள். (அதற்கு ஒரு மாதம் முன்னால்தான், மார்ச் 13-ல், வடக்கே சேய்கான் சுரங்கப்பாதை திறந்து ஹொக்கைடோவின் ரயில்வே கப்பல்களும் முடிவுக்கு வந்திருந்தன.) ரயில்வே கப்பலின் ஆட்கள் பெரிய நிறுவனத்தின் ஊழியர்கள். ரயில்வேக்குள்ளேயே வேறு வேலைக்கு மாற்ற இடமிருந்தது. தனியார் ஃபெர்ரிக்காரர்களுக்கு அந்த வசதி இல்லை.

ஆனால் எல்லாரும் எதிர்பார்த்த மாதிரி தனியார் ஃபெர்ரிகள் அன்றே சாகவில்லை! பாலத்தின் சுங்கக் கட்டணம் அவ்வளவு அதிகம். லாரிக்காரர்களுக்கு ஃபெர்ரி மலிவு, கூடவே ஒரு மணி நேரம் கண்ணயர்ந்துகொள்ளலாம். உனோ-தகமாட்சு இடையே கார் ஃபெர்ரிகள் இருபத்துநாலு மணி நேரமும் ஓடிக்கொண்டுதான் இருந்தன. 1998 ஏப்ரலில் அகாஷி நீரிணைப் பாலம் திறந்தது. நடுவில் உள்ள தொங்கு பகுதி மட்டும் 1,991 மீட்டர். அதன் அடியிலேயே அகாஷிக்கும் அவாஜி தீவுக்கும் இடையே 'டாக்கோ ஃபெர்ரி' ஓடியது. டாக்கோ என்றால் ஆக்டோபஸ், அந்த ஊரின் பிரபலமான பதார்த்தம்.

அவற்றை முடித்தது பாலம் அல்ல, டோல். பொருளாதார நெருக்கடியைச் சமாளிக்க 2009 மார்ச்சில் அரசு ஒரு திட்டம் கொண்டுவந்தது. தானியங்கிக் கட்டணக் கருவி பொருத்திய சாதாரணக் கார்களுக்குச் சனி, ஞாயிறு, விடுமுறை நாட்களில் நெடுஞ்சாலைக் கட்டணம் அதிகபட்சம் 1,000 யென். இந்தப் பாலங்களும் அதில் சேர்ந்தன. இரண்டு வருஷத்துக்கு இதற்காக ஒதுக்கிய அரசுப் பணம் சுமார் 50,000 கோடி யென். கார்கள் கூட்டமாகப் பாலத்துக்குப் போயின. அதே 2009 ஜூன் முடிவில் குரே-மட்சுயாமா ஃபெர்ரி நின்றது. 2010 பிப்ரவரியில் உனோ-தகமாட்சு தடத்தின் இரண்டு கம்பெனிகளும் ஒரே நேரத்தில் மூடுவதாக அறிவித்தன. ஊரில் எழுந்த கூச்சலில் அடுத்த மாதம் அறிவிப்பைத் திரும்பப் பெற்றன. டாக்கோ ஃபெர்ரி 2010 நவம்பரில் நின்றது.

இப்போது 1981 சட்டத்தின் தலைப்பை மறுபடி படித்தால் சிக்கல் புரியும். பாலங்களின் 'கட்டுமானத்தை ஒட்டி' என்கிறது அது. பாலம் கட்டுவது ஒரு சம்பவம், அதற்குத் தேதி உண்டு, வேலை இழப்பும் அந்தத் தேதியை ஒட்டி நடக்கும் என்று நினைத்து எழுதிய சட்டம். இருபது வருஷம் கழித்து அதே பாலத்தின் கட்டணத்தை அதே அரசாங்கம் பொதுப்பணத்தைப் போட்டுக் குறைப்பது கட்டுமானம் ஆகாது. ஆனால் ஃபெர்ரியின் தளத்தில் நிற்பவருக்கு என்ன வித்தியாசம்? 1988-ல் கப்பலை விட்டவரையும் 2010-ல் விட்டவரையும் வெளியே தள்ளியது ஒரே காரணம்தான். முன்னவருக்காக ஏழு வருஷம் முன்னால் சட்டம் எழுதிவைத்தார்கள். பின்னவர் விஷயத்தில், கட்டணக் குறைப்பு என்ற யோசனை வந்த வேகத்தில், அவரும் ஒரு செலவு என்பது யாருக்கும் ஞாபகம் வரவில்லை. கடலோடிகள் சங்கமும் ஃபெர்ரி கம்பெனிகளும் எதிர்ப்புத் தெரிவித்தன. ஆனால் பாதிக் கட்டணத்தில் ஊருக்குப் போகும் லட்சக்கணக்கான கார்க்காரர்களின் சந்தோஷத்துக்கு முன்னால் அது எடுபடவில்லை.

1,000 யென் சலுகை 2011 ஜூனில் முடிந்தது. அந்த வருஷம் வந்த பூகம்பத்துக்கும் சுனாமிக்கும் பிறகு அந்தப் பணம் வேறு வேலைக்குத் தேவைப்பட்டது. ஆனால் விட்டுப்போன வாடிக்கையாளர்கள் திரும்பவில்லை. உனோ-தகமாட்சு தடத்தில் ஒரு கம்பெனி 2012 அக்டோபரில் விலகியது. 2014 ஏப்ரலில் பாலங்களின் கட்டணத்தை நாட்டின் மற்ற நெடுஞ்சாலைகளின் அளவுக்கு நிரந்தரமாகவே குறைத்தார்கள். மிஞ்சிய ஒரே கம்பெனி ஒரு கப்பலை வைத்துக்கொண்டு, நாளுக்குச் சில நடைகளாகக் குறைத்து, 2019 டிசம்பர் 15 வரை இழுத்துப் பிடித்தது. 1910-ல் ஆரம்பித்த தடம் அன்றோடு முடிந்தது. அதற்குப் பிறகு உனோவிலிருந்து தகமாட்சுவுக்குக் கடல் வழியாகவே போக விரும்புகிறவர்கள், நடுவில் நவோஷிமா தீவில் இறங்கி வேறு கப்பல் ஏறுகிறார்கள்.